கடுகைப் போலப் பூக்கும் களைகள்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

மாரி மழை தொடங்கி மேட்டுநிலப் பயிர்கள் எழும்பும் காலத்தில் இந்தப் பகுதிக்கு வரும் கடிதங்களில் பெரும்பாலானவை களையைப் பற்றியவையாகவே இருக்கும். இம்முறை வந்தவற்றுள், நான்கிதழ்ப் பூவும் கடுகுக்காய் போன்ற காயும் உள்ள செடிகளைப் பற்றிய கேள்விகளை மட்டும் ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம். அவற்றுள் ஒன்று கனடாவிலுள்ள ஒரு களையைப் பற்றியது. அங்கே உறவுகள் இல்லாத வீடு நம் பகுதியில் குறைவு என்பதால் அதற்கும் விரிவாகவே பதில் எழுதியிருக்கிறோம்.

களுதாவளையிலிருந்து ஒரு விவசாயி: எங்கள் கச்சான் தோட்டத்தில் சென்ற போகத்தில் அங்கொன்றும் இங்கொன்றுமாக நின்ற ஒரு செடி, இம்முறை பாத்தி முழுவதும் முளைத்திருக்கிறது. முழங்காலளவு உயரம், மஞ்சள் பூ, கடுகுக்காய் போன்ற நீண்ட காய். தொட்டால் கையில் பிசுபிசுவென்று ஒட்டுகிறது. இது கடுகுதான், விதைக் கச்சானோடு வந்திருக்கிறது என்று பக்கத்துத் தோட்டக்காரர் சொல்கிறார். வயலுக்கு வாங்கிய எம்.சி.பி.ஏ. களைநாசினி கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. அதை அடிக்கலாமா?

பதில்: உங்கள் கடைசிக் கேள்விதான் அவசரமானது என்பதால் அதிலிருந்தே தொடங்குகிறோம். எம்.சி.பி.ஏ.யை அந்தத் தோட்டத்தில் அடிக்கவே வேண்டாம். நெல்லைப் போன்ற புல்லினப் பயிரை விட்டுவிட்டு அகன்ற இலைச் செடிகளையும் கோரைகளையும் கொல்வதற்காக ஆக்கப்பட்ட மருந்து அது. கச்சானும் அகன்ற இலைச் செடியே என்பதால், களை கருகும்போது பயிரும் சேர்ந்து கருகும். காற்றோடு போகும் துளி பட்டாலே மிளகாய், தக்காளி, கத்தரி ஆகியவற்றின் குருத்து முறுகிக் கோணிவிடும். உங்கள் ஊரில் வெற்றிலைத் தோட்டங்களும் அருகருகே இருப்பதால், இதில் அயலாரின் பிழைப்பும் அடங்கியிருக்கிறது. எம்.சி.பி.ஏ. அடித்த தெளிகருவியை நன்றாகக் கழுவாமல் அதிலேயே வேறு மருந்தைக் கலந்து மிளகாய்க்கு அடித்தாலும் இதே சேதம் வரும்.

இனிச் செடியின் அடையாளத்தைப் பார்ப்போம். நீங்கள் எழுதிய பிசுபிசுப்பு ஒன்றே அது கடுகு அல்ல என்று காட்டிவிடுகிறது. கடுகுச் செடியின் தண்டிலோ காயிலோ ஒட்டும் பசை கிடையாது. உங்களிடம் நிற்பது நாய்வேளை. நாய்க்கடுகு, காட்டுக்கடுகு என்றும் அதைச் சொல்வார்கள். கடுகுக் குடும்பத்துக்கு மிக நெருங்கிய உறவான வேளைக் குடும்பத்தைச் சேர்ந்தது அது. கசக்கினால் எழும் காரநெடிக்குக் காரணமான கந்தகச் சேர்வைகள் இரு குடும்பங்களிலும் இருப்பதால்தான் மணத்திலும் ஒன்று போலத் தோன்றுகின்றன.

சந்தேகம் தீர வேண்டுமானால் காலையில் பூ விரிந்திருக்கும்போது ஒன்றைப் பறித்து உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள். கடுகுப் பூவில் நான்கு இதழ்களும் சிலுவை வடிவில் நான்கு பக்கமும் விரிந்திருக்கும். நடுவில் ஆறு கேசரங்கள், அவற்றுள் நான்கு நீளமானவை, இரண்டு குட்டையானவை. கடுகுக் குடும்பத்துச் செடிகளுக்கு இந்த ஆறு என்ற கணக்கு பெரும்பாலும் தவறுவதில்லை. நாய்வேளைப் பூவிலோ நான்கு இதழ்களும் ஒரு பக்கமாக ஒதுங்கி நிற்கும். கேசரங்கள் பத்துக்கு மேற்பட்டுக் கொத்தாக இருக்கும். இலையும் வேறு: கடுகில் தனி இலை, விளிம்பு வெட்டுப்பட்டது, நாய்வேளையில் ஒரே காம்பின் நுனியிலிருந்து மூன்று அல்லது ஐந்து சிற்றிலைகள் பிரியும். முற்றிய காயை நகத்தால் பிரித்தால், கடுகில் இரு பக்கத் தோலும் கழன்ற பின் நடுவில் கண்ணாடித்தாள் போன்ற மெல்லிய தடுப்பு ஒன்று நிற்கும். நாய்வேளைக் காயில் அந்தத் தடுப்பு இல்லை. சுற்றுச் சட்டம் மட்டும் நிற்க, விதைகள் அதன் ஓரத்தில் ஒட்டியிருக்கும்.

பக்கத்துத் தோட்டக்காரரின் ஊகமும் சரியாகத் தோன்றவில்லை. நாய்வேளையின் விதை ஒன்றரை மில்லிமீற்றர் அளவே இருக்கும். கச்சான் பருப்பைத் தெரிந்து எடுக்கும்போது அது தங்கியிருக்க வாய்ப்புக் குறைவு. சென்ற போகத்தில் அங்கொன்றும் இங்கொன்றுமாக நின்றவை என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அவை காய்த்து வெடித்துக் கொட்டிய விதையே இப்போது முளைத்திருக்கிறது. மக்காத மாட்டெருவோடும் சில வந்திருக்கலாம். இந்தச் செடி வெளியிலிருந்து வந்ததும் அல்ல. ஆசியாவினதும் ஆபிரிக்காவினதும் வெப்ப நிலங்களுக்கே உரியது. அமெரிக்கக் கண்டத்திலும் கரிபியன் தீவுகளிலும்தான் அதை வந்தேறிக் களையாகக் கருதுகிறார்கள். ஆனாலும் பயிரின் உரத்தையும் ஈரத்தையும் பறிப்பதில் சொந்த மண்ணின் களை வந்தேறிக்குச் சற்றும் குறைந்ததல்ல.

இப்போது செய்ய வேண்டியது கைக்களைதான். கச்சானுக்கு முதல் ஆறு வாரமே களையால் பெரிய இழப்பு ஏற்படும் காலம். அதற்குள் இரண்டு முறை மேலோட்டமாகக் கொத்திக் களை எடுத்துவிட வேண்டும். பயிர் பூத்து, ஊசி (பூவின் அடியிலிருந்து நீண்டு நுனியில் காய் கட்டும் காம்பு) மண்ணுக்குள் இறங்கத் தொடங்கிய பிறகு மண்வெட்டியைப் பாத்திக்குள் கொண்டு போகக் கூடாது. அப்போது கையால் பிடுங்குவது மட்டுமே பொருந்தும். மழை பெய்த மறுநாள் மணல் தளர்ந்திருக்கும்போது வேரோடு இலகுவாக வரும். காய் கட்டாத செடியைப் பாத்தியிலேயே வேர் மேலாகப் போட்டு வெயிலில் காய விடலாம். காய் கட்டியவற்றை ஒருபோதும் அப்படி விடாதீர்கள். பச்சையாகத் தெரியும் காய்கூடப் பிடுங்கிய செடியில் கிடந்தே முற்றிவிடக் கூடும். அவற்றை உரப்பையில் போட்டு வெளியே கொண்டு போய், நன்றாகக் காய்ந்த பின் எரித்துவிடுங்கள்.

அடுத்த போகத்துக்கு ஒரு யோசனை. விதைப்பதற்கு இரண்டு வாரத்துக்கு முன்பே நிலத்தைப் பண்படுத்தி, மழை இல்லாவிட்டால் ஒரு முறை தண்ணீர் கட்டி, களையை வேண்டுமென்றே முளைக்க விடுங்கள். பச்சை பிடித்ததும் ஓர் அங்குலத்துக்கு மேல் ஆழம் போகாமல் செருக்கிவிட்டு, அதன் பின் விதையுங்கள். ஆழமாக உழுதால் அடியில் உறங்கும் பழைய விதைகள் மேலே வந்து மீண்டும் முளைக்கும். நாற்றுமேடை போன்ற சிறிய இடமானால், கோடையின் கடும் வெயிலில் மண்ணை நனைத்து, நிறமில்லாத பொலித்தீனை இறுக்கமாக விரித்து, ஓரங்களை மண்ணால் மூடி நான்கு முதல் ஆறு வாரம் விடலாம். உள்ளே ஏறும் சூட்டில் மேல்மண்ணிலுள்ள விதைகளில் பெரும் பகுதி செத்துவிடும். எழுவான்கரை மணலுக்கும் வெயிலுக்கும் இது நன்றாகப் பொருந்துகின்ற முறை என்பது எங்கள் எண்ணம். செலவு ஒரு பொலித்தீன் விரிப்பு மட்டுமே.

வெல்லாவெளியிலிருந்து ஒரு வாசகி: வேளைக்கீரை என்று நாங்கள் சுண்டிச் சாப்பிடுவதும் இந்தக் களையும் ஒன்றா? நாய்வேளை விதையைக் கடுகுக்குப் பதிலாகத் தாளிக்கலாம் என்கிறார்களே?

பதில்: ஒன்றல்ல, அம்மா, இரண்டும் ஒரே குடும்பம். கீரையாகச் சுண்டுவது தைவேளை. நல்வேளை என்றும் சொல்வார்கள். அதன் பூ வெள்ளை அல்லது இளஞ்சிவப்பு. பூவின் நடுவிலிருந்து நீண்டெழும் தண்டின் நுனியில் ஊதா நிறக் கேசரங்கள் விரிந்து நிற்கும். அதன் கசப்பைப் போக்க அவித்த தண்ணீரை வடித்துவிடும் வழக்கம் நல்ல வழக்கமே. நாய்வேளையின் விதையைக் கடுகுக்குப் பதிலாகப் பயன்படுத்தும் பழக்கம் இந்தியாவில் சில இடங்களில் உண்டு. ஆயினும் செடியை ஐயமின்றி அடையாளம் காண முடியாதவர்கள் காட்டில் பொறுக்கிய விதையைச் சமையலில் போட வேண்டாம் என்றே சொல்வோம். அதற்கான காரணம் அடுத்த பதிலில் இருக்கிறது.

திருக்கோவிலிலிருந்து ஓர் ஆசிரியை: எங்கள் பாடசாலைக்குப் போகும் வீதியோர மணலில் முள்ளு முள்ளான இலையும் பெரிய மஞ்சள் பூவும் உள்ள செடி பெருகிவிட்டது. காய் வெடித்தால் உள்ளே கடுகு போலவே கரிய விதைகள். பிள்ளைகள் கடையோட்டம் விளையாடும்போது இதைக் கடுகென்று சிரட்டையில் அளந்து விற்கிறார்கள். ஆபத்து ஏதும் உண்டா?

பதில்: உண்டு. கவனித்து எழுதியதற்கு நன்றி. இது பிரமதண்டு. குடியோட்டிப் பூண்டு என்றும் சொல்வார்கள். மெக்சிக்கோவும் அதைச் சுற்றிய வெப்ப அமெரிக்க நாடுகளும் இதன் தாயகம். அங்கிருந்து உலகின் வரண்ட நிலங்கள் எங்கும் பரவிவிட்டது. இது கடுகுக் குடும்பம் அல்ல, அபினிச் செடியின் குடும்பம். தண்டை ஒடித்தால் மஞ்சள் பால் வடிவதே உடனடி அடையாளம். இலை சாம்பல் கலந்த பச்சை, நரம்புகளின் வழியே வெண்கோடு, விளிம்பெல்லாம் முள். பூவில் இதழ்கள் நான்குக்கு மேல் இருக்கும். காயும் முள்ளுள்ளது, நுனிப் பக்கமாக வெடித்துத் திறக்கும்.

அந்த விதை கடுகோடு கலப்பதுதான் பெரிய ஆபத்து. அதன் எண்ணெயில் சங்குயினரின் என்ற நஞ்சு இருக்கிறது. அந்த எண்ணெய் கலந்த கடுகெண்ணெயைச் சமையலுக்குப் பயன்படுத்தியவர்களுக்குக் கால்கள் வீங்கி, மூச்சு முட்டி, இதயம் செயலிழக்கும் நோய் வருகிறது. 1998இல் டெல்லியில் இப்படிக் கலப்படமான எண்ணெயால் மூவாயிரம் பேர் வரையில் நோயுற்றனர். அறுபதுக்கு மேற்பட்டோர் இறந்தனர். தாளிக்கும் சூட்டில் நஞ்சு போய்விடும் என்று நம்பக் கூடாது. விதைகளை வெள்ளைப் பீங்கானில் பரப்பி வெளிச்சத்தில் பார்த்தால் வேறுபாடு தெரியும்: கடுகு உருண்டையாக, வெறுங்கண்ணுக்கு வழவழப்பாக, செம்பழுப்பு கலந்து இருக்கும், பிரமதண்டு விதை கறுப்பாக, வலைபோட்டது போன்ற சொரசொரப்போடு, ஒரு பக்கத்தில் சிறு வரம்புடன் இருக்கும். சேனையில் விளைந்த கடுகைப் புடைக்காமல் மூட்டையாக வாங்குகின்றவர்கள் இந்தச் சோதனையைக் கட்டாயம் செய்ய வேண்டும்.

பிள்ளைகளிடம் இந்த விதையை வாயில் வைக்கக் கூடாது என்று சொல்லி, கையைக் கழுவ வையுங்கள்; அவர்களைக் கொண்டு செடியைப் பிடுங்குவிக்க வேண்டாம். பெரியவர்கள் தடித்த கையுறை போட்டு, பூக்கத் தொடங்கும் பருவத்திலேயே, அடி இலைகளுக்குக் கீழே ஆணிவேரை மண்வெட்டியால் அறுத்து எடுக்க வேண்டும். மேலே வெட்டினால் பக்கக் கிளை விட்டு மறுபடி பூக்கும். விதை மண்ணில் பல ஆண்டு உயிரோடு கிடக்கக் கூடியது என்பதால் அதே இடத்தை அடுத்த மாரியிலும் அதற்கடுத்த மாரியிலும் பார்க்க வேண்டியிருக்கும். அந்த வீதியோரத்து மணலை வீட்டு வேலைக்கோ மைதானத்துக்கோ அள்ளிப் போக விடாதீர்கள். புதிய இடங்களுக்கு இந்தச் செடி போவது பெரும்பாலும் அப்படித்தான்.

பாண்டிருப்பிலிருந்து ஒரு வாசகர்: வீட்டுத் தோட்டத்தில் கோவாவும் முள்ளங்கியும் போட்டேன். இலைகளை ஒரு சிறிய பச்சைப் புழு சன்னல் சன்னலாக அரித்துவிட்டது. எந்த மருந்துக்கும் அடங்கவில்லை. சுற்றியுள்ள வேளைக் களைகளில் இருந்துதான் புழு வருகிறது என்று சொல்லிக் களையெல்லாம் அழித்துவிட்டேன். பிறகும் வருகிறதே?

பதில்: நீங்கள் சொல்வது வைரமுதுகு அந்தின் புழு. தொட்டால் பின்னோக்கித் துள்ளி, நூல் விட்டுத் தொங்கும். அது கடுகுக் குடும்பத்தை நம்பி வாழும் பூச்சி. அந்தக் குடும்பத்துக்கே உரிய காரச் சேர்வைதான் அதை இலைக்கு அழைக்கிறது. மருந்துக்கு அடங்காமை அதற்குப் பழைய குணம். 1953இலேயே இந்தோனேசியாவின் ஜாவாத் தீவில் டி.டி.ரி.க்கு அது அடங்கவில்லை என்று பதிவாகியிருக்கிறது; அதன் பின் வந்த மருந்துகள் பலவற்றுக்கும் அதே கதிதான் நேர்ந்தது. ஒரே மருந்தைக் கிழமைக்குக் கிழமை அடிப்பது, தாங்கி வாழும் புழுக்களை நாமே தெரிந்தெடுத்து வளர்ப்பதாகும்.

களையை அழித்ததில் தவறில்லை. கோவாவின் குருத்தைத் துளைக்கும் இன்னொரு புழு, ஆபிரிக்காவிலிருந்து வந்து பரவிய நீலவேளைச் செடியில் வளர்வது மலேசியாவில் கண்டறியப்பட்டிருக்கிறது. மூன்று சிற்றிலையும் ஊதா நிறச் சிறு பூவுமாக வீட்டு மதிலடியிலும் வடிகான் ஓரத்திலும் நிற்பதே அந்த நீலவேளை. அதன் விதையில் வெண்மையான சதைத்துண்டு ஒன்று ஒட்டியிருப்பதால் எறும்புகள் இழுத்துக்கொண்டு போய்ப் பல இடங்களில் போட்டுவிடும். மதில் வெடிப்பில் அது முளைப்பது இதனால்தான். ஆனால் உங்கள் வைரமுதுகு அந்துக்கு உண்மையான வீடு வேறிடத்தில் இருக்கிறது. கோவாவை வெட்டிய பின் நிற்கும் அடிக்கட்டையில் மறுபடி துளிர்க்கும் இலைகளும், பிடுங்காமல் விட்டுப் பூவுக்குப் போன முள்ளங்கியும்தான் அது. நம் வெப்பத்தில் முட்டையிலிருந்து அந்து ஆவதற்கு இரண்டு முதல் மூன்று வாரம் போதும். இரண்டு பயிருக்கு இடையிலுள்ள காலத்தை அந்தத் துளிரில் இருந்தே அது கடந்துவிடும். வெட்டிய அன்றே கட்டையைப் பிடுங்கிப் புதையுங்கள். ஒரு போகம் முழுவதும் கோவா, முள்ளங்கி, கடுகு ஒன்றும் இல்லாமல் பயற்றையோ வெண்டியோ போடுங்கள். அதன் பிறகும் மருந்து தேவைப்பட்டால் எது, எந்த அளவு என்பதை உங்கள் விவசாயப் போதனாசிரியரிடமோ விவசாயத் திணைக்களத்தின் 1920 இலக்கத்திலோ கேட்டுக்கொள்ளுங்கள்.

மட்டக்களப்பு நகரிலிருந்து ஒரு தாய்: ஸ்காபரோவில் இருக்கும் மகள், வீட்டுப் பின்வளவில் வேலியோர நிழலில் நிற்கும் செடியின் படத்தை அனுப்பியிருக்கிறாள். வெள்ளைச் சிறு பூ, கசக்கினால் உள்ளி மணம். அயலில் உள்ளவர்கள் உடனே பிடுங்கச் சொல்கிறார்களாம். கறிக்குப் போடலாம் என்று அவளுக்கு ஆசை. நீங்கள் என்ன சொல்கிறீர்கள்? இங்கே அந்தச் செடி வந்துவிடுமா?

பதில்: படத்தைப் பார்த்தோம். இது கடுகுக் குடும்பத்துச் செடியே. உள்ளிக் கடுகு என்று சொல்லலாம். ஐரோப்பாவும் மேற்காசியாவும் இதன் தாயகம். கறிக்கும் மருந்துக்கும் என்று குடியேறியவர்கள் கொண்டு போனது. வட அமெரிக்காவில் 1868இல் நியூயோர்க்கின் லோங் ஐலண்டிலும், கனடாவில் 1879இல் ரொறன்ரோவிலும் முதலில் பதிவானது. மகள் வாழும் நகரமே கனடாவில் இந்தக் களை முதலில் காணப்பட்ட இடம். இன்று ஒன்ராறியோவின் காடுகளில் மிகவும் அஞ்சப்படும் களைகளில் இதுவும் ஒன்று.

அயலார் பதறுவதில் நியாயம் உண்டு. மற்றக் களைகளில் பல வெட்டவெளியைத் தேடும்; இது காட்டின் நிழலிலேயே செழிக்கும். பெரும்பாலான மரங்களும் காட்டுச் செடிகளும் தங்கள் வேரோடு கூடி வாழும் பூஞ்சணங்களின் உதவியால்தான் மண்ணிலிருந்து சத்தை எடுக்கின்றன. உள்ளிக் கடுகுக்கு அந்தப் பூஞ்சணம் தேவையில்லை. அதோடு அதன் வேரிலிருந்தும் இலையிலிருந்தும் மண்ணில் சேரும் இரசாயனங்கள் அந்தப் பூஞ்சணங்களை நலிவுறச் செய்வதால், மேப்பிள் போன்ற மரங்களின் நாற்று வளர்வது குன்றுகிறது என்று 2006இல் வெளியான ஆய்வு காட்டியது. ஒன்ராறியோவின் மாகாண மலரான மூவிதழ் ட்ரிலியம் வளரும் காட்டுத் தரையையும் இது மூடிவிடுகிறது. மேற்கு வேர்ஜீனியா வெள்ளை என்ற பட்டாம்பூச்சி, தன் குஞ்சுகளுக்கு ஏற்ற செடி என்று எண்ணி இதில் முட்டையிடுகிறது. வெளிவரும் புழுக்கள் அந்த இலையைத் தின்று செத்துப்போகின்றன. இந்தச் செய்தி எங்களை மிகவும் வருத்தியது.

மகள் செய்ய வேண்டியதை எழுதுகிறோம். அப்படியே அனுப்பி வையுங்கள். இந்தச் செடிக்கு ஆயுள் இரண்டு ஆண்டு. முதலாண்டில் தரையோடு படிந்த சிறுநீரக வடிவ இலைக்கொத்தாக மட்டும் இருக்கும். பனிக்காலத்திலும் பச்சையாகவே கிடக்கும். இரண்டாமாண்டு வசந்தத்தில் ஒரு மீற்றர் வரை நிமிர்ந்து, மேலிலைகள் முக்கோணமாகி, விளிம்பில் பல் வெட்டி, நுனியில் வெள்ளைப் பூ வைத்து, விதை கொட்டிச் செத்துவிடும். ஒரு செடி நூற்றுக்கணக்கில், செழித்ததானால் ஆயிரக்கணக்கில் விதை கொடுக்கும். ஆகவே பூத்த செடியைக் காய் முற்றுமுன், பெரும்பாலும் மே மாதத்துக்குள், பிடுங்குவதே முதல் வேலை. முதலாண்டுச் செடிகளை அதற்குப் பிறகு பிடுங்கலாம். மழை பெய்து மண் நனைந்திருக்கும்போது அடியில் பிடித்து மெதுவாக இழுக்க வேண்டும். தண்டுக்குக் கீழே வேர் ஆங்கில எஸ் எழுத்தைப் போல வளைந்திருக்கும். அந்த வளைவோடு வந்தால்தான் வேர் முழுதாக வந்தது. அறுந்து மேற்பகுதி மட்டும் வந்தால் அடியிலிருந்து மறுபடி துளிர்க்கும்.

பிடுங்கிய பூச்செடியைத் தரையில் போட்டாலோ கூட்டெருக் குவியலில் போட்டாலோ அதில் காய் முற்றிவிடும். கறுப்புப் பையில் போட்டு இறுகக் கட்டி, ஒரு வாரத்துக்கு மேல் வெயிலில் வைத்து, பிறகு அந்த நகரசபை சொல்லும் முறைப்படி குப்பையில் சேர்க்க வேண்டும். விதை மண்ணில் ஐந்து ஆண்டோ அதற்கு மேலோ உயிரோடிருக்கும் என்பதால் ஒரு வசந்தத்தில் முடிகின்ற வேலை அல்ல இது. வேரைத் தின்னும் ஒரு கூன்வண்டை 2018 முதல் ஒன்ராறியோவில் விட்டுப் பார்க்கிறார்கள். அது நிலைபெற்றாலும் வீட்டு வளவுகளில் கை வேலை தேவைப்படும்.

சாப்பிடலாமா என்றால், பூக்கு முன் உள்ள இளம் இலையைச் சிலர் கீரையாகவும் அரைத்தும் உண்பதுண்டு. கசப்பும் காரமும் உள்ளது, சிறிதளவு போதும். நாய் உலவும் பாதையோரத்திலும் மருந்து அடித்த இடத்திலும் பறிக்கக் கூடாது. கறிக்கு வேண்டும் என்று ஒரு செடியைக்கூட விதைக்கு விட்டுவைக்கக் கூடாது என்பதை மகளிடம் கண்டிப்பாகச் சொல்லுங்கள்.

இங்கே வருமா என்ற கவலை வேண்டாம். அதன் விதை முளைப்பதற்குப் பனிக்காலக் குளிர் பல வாரம் வேண்டும். மட்டக்களப்பின் எந்த மாதத்திலும் அது கிடைக்காது.

வந்தாறுமூலையில் விவசாயம் படிக்கும் ஒரு மாணவி: மேல்நாட்டுப் பாடநூல்களில் கடுகுக் குடும்ப ஆக்கிரமிப்புக் களைகளுக்கு நிறைய இடம் கொடுக்கிறார்கள். நம் மாவட்டத்தில் ஏன் அவ்வளவாகக் காணவில்லை? கண்டால் எப்படிப் பதிவு செய்வது?

பதில்: முன்னைய பதிலிலேயே பாதிக் காரணம் வந்துவிட்டது. சுமார் 4,000 இனங்களைக் கொண்ட இந்தக் குடும்பத்தின் பெரும்பகுதி குளிர், மிதவெப்ப நாடுகளைச் சேர்ந்தது. பலவற்றுக்கு முளைக்கவோ பூக்கவோ குளிர் தேவை; நம் கோடையில் நாற்றிலேயே வாடிவிடும். அதனால் இலங்கையில் இக்குடும்பக் களைகளைத் தேட நுவரெலியாவின் மரக்கறித் தோட்டங்களே பொருத்தமான இடம். இங்கே ஈரமான பாத்தி ஓரத்தில் சிறிய மஞ்சள் பூவோடு நிற்கும் ரொரிப்பா போன்ற ஓரிரண்டைக் காணலாம். அவற்றால் பெரிய தொல்லை இல்லை. சமையலறை வாசலில் கொட்டிய கடுகு முளைத்தாலும் ஒரு மாரியோடு முடிந்துவிடும்.

ஆனாலும் வெப்பம் நம்மை முழுதும் காக்கும் என்று எண்ணிவிட வேண்டாம். சகாராக் கடுகு என்று அழைக்கப்படுகின்ற இனம் ஐக்கிய அமெரிக்காவின் தென்மேற்குப் பாலைவனங்களையே பிடித்திருக்கிறது. மேற்கு அவுஸ்திரேலியாவின் கோதுமை வயல்களில் காட்டு முள்ளங்கி பல வகைக் களைநாசினிகளுக்கு அடங்காமல் போன பின், அங்குள்ளவர்கள் அறுவடை இயந்திரத்தின் பதரோடு வெளிவரும் களை விதையையே சேர்த்து எரிக்கவும் நொறுக்கவும் தொடங்கினார்கள். விதை மண்ணில் விழுமுன் பிடிப்பது என்ற அந்த வழி நீங்கள் ஆழமாகப் படிக்க வேண்டிய பாடம் என்று நினைக்கிறோம். நம் வயல்களின் வேறு களைகளுக்கும் அது பயன்படலாம்.

பதிவுக்குக் கைத்தொலைபேசிப் படம் மட்டும் போதாது. கடுகுக் குடும்பத்தில் இனத்தைத் தீர்மானிப்பது பெரும்பாலும் முற்றிய காய்தான். பூவை மட்டும் பார்த்துப் பெயர் சொல்ல நிபுணர்களே தயங்குவார்கள். பூவும் காயும் அடியிலையும் வேரும் உள்ள முழுச் செடியைப் பத்திரிகைத் தாள்களுக்கு இடையில் வைத்து, பாரம் ஏற்றி, தாளை நாள்தோறும் மாற்றி உலர்த்துங்கள். இடம், திகதி, மண் வகை, பூவின் நிறம் ஆகியவற்றை அன்றே எழுதி வையுங்கள். உலர்ந்த பூவில் நிறம் நிற்காது. உங்கள் பீடத்தில் பெயர் காண முடியாவிட்டால் பேராதனைத் தாவரவியல் பூங்காவிலுள்ள தேசிய உலர்தாவரகத்தில் காட்டலாம்.

அக்கரைப்பற்றிலிருந்து ஒரு வாசகர்: தங்கச்சி குடும்பம் விடுமுறைக்கு வெளிநாட்டிலிருந்து வரும்போது பூ விதைப் பைக்கற்றுகள் கொண்டு வருவதாகச் சொல்கிறார்கள். பயணப்பெட்டியில் கொண்டு வரலாமா?

பதில்: அனுமதியில்லாமல் கொண்டு வரக் கூடாது. 1999ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கத் தாவரப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் விதை, நாற்று, மண் எல்லாம் கட்டுப்பாட்டுக்கு உட்பட்டவை. கலவையாக விற்கப்படும் காட்டுப்பூ விதைப் பைக்கற்றுகளில் கூடுதல் கவனம் வேண்டும். வட அமெரிக்காவில் அழகுக்காக விற்ற அப்படிப்பட்ட கலவைகளில் ஊதா, வெள்ளைப் பூப் பூக்கும் ஒரு கடுகுக் குடும்பச் செடியும் சேர்ந்திருந்து, தோட்டத்தைத் தாண்டி ஆற்றங்கரைகளுக்கும் காட்டோரங்களுக்கும் போய்ப் பரவியது. கலவையில் இருப்பதெல்லாம் பைக்கற்றின் மேல் எழுதியிருக்கும் என்பதற்கும் உறுதியில்லை.

தங்கச்சி ஏற்கெனவே வாங்கிவிட்டாரானால் அங்கேயே விட்டுவிட்டு வரச் சொல்லுங்கள். மறந்து கொண்டு வந்துவிட்டால் கட்டுநாயக்காவில் தாவரத் தடுப்புக்காப்பு அலுவலர்களிடம் மறைக்காமல் ஒப்படைக்கட்டும். முன்னைய பயணம் ஒன்றில் வந்த பைக்கற்று அலுமாரியில் கிடந்தால் அதை விதைக்கவோ குப்பைக் கிடங்கிலும் வடிகானிலும் வீசவோ வேண்டாம்; அடுப்பு நெருப்பில் போட்டு எரித்துவிடுங்கள். அங்கே தோட்ட வேலைக்குப் போட்ட சப்பாத்துகளைப் பெட்டியில் வைக்குமுன் அடிப்பகுதியிலுள்ள மண்ணைத் தூரிகையால் தேய்த்துக் கழுவி, காய வைத்து எடுத்து வரச் சொல்லுங்கள்.